பதினேழு வருஷ டியூ

எங்க தாத்தா நாற்பது ரூபாய்க்கு ஆளாக இருந்தவர். அப்போது தருமபுரி தனி மாவட்டம் கிடையாது. 1965-ல்தான் சேலத்திலிருந்து பிரிந்தது. அந்த நாற்பது ரூபாயை எதுக்கு வாங்கினார் என்று உறுதியாகச் சொல்ல இன்றைக்கு ஆள் இல்லை. ஒரு பிரசவச் செலவு என்பார் பெரியப்பா. இல்லடா, ஒரு சாவுச் செலவு என்பாள் அத்தை. வாங்கின நாளிலிருந்து பண்ணைக்காரர் வீட்டுச் சாணி, மாடு, கமலை எல்லாம் தாத்தா பாடு. உழைப்பு வட்டிக்குச் சரியாய்ப் போகும். அசல் அப்படியே நிற்கும். அவர் செத்தபோது அந்த நாற்பது ரூபாய் அப்பா தலைக்கு வந்தது. அப்பாவுக்கு அப்போது பதிமூணு வயசு.

கொத்தடிமை ஒழிப்பு அவசரச் சட்டம் 1975 அக்டோபரில் வந்தது. 1976-ல் முழுச் சட்டமானது. அந்த மாதிரிக் கடன் எதுவும் இனி செல்லாது என்று சட்டம் சொன்னது. அந்தச் சேதி எங்க தெருவுக்கு வந்து சேர இன்னும் ரெண்டு மூணு வருஷம் பிடிச்சது.

இதைச் சொல்லித்தான் ஆரம்பிக்க வேண்டியிருக்கிறது. நான் எழுத வந்ததோ 2020-ல் எங்க தம்பி வீடு கட்ட வாங்கின அஞ்சு லட்சத்தைப் பற்றி. அந்தக் காகிதத்தில் கையெழுத்துப் போட்ட நாலு பேரில் நானும் ஒருத்தன். பொருளாதாரத்தில் பட்டம் வாங்கினவன். ஒரு பக்கம்கூடப் படிக்காமல் போட்டேன்.

தாத்தா உடம்பை அடமானம் வைத்தார். அப்பா நிலத்தை வைத்தார். பண்ணையிலிருந்து வெளியே வந்த பிறகு அப்பாவுக்கு அரசாங்கம் அரை ஏக்கர் மேட்டு நிலம் ஒப்படை செய்தது. நிபந்தனைப் பட்டா. இந்த நிபந்தனை பழசு. செங்கல்பட்டு கலெக்டராக இருந்த திரமென்ஹீர் பறையர்களின் நிலைமை பற்றிக் கொடுத்த அறிக்கையின் பேரில் 1892 செப்டம்பர் 30-ல் அன்றைய சென்னை அரசாங்கம் 1010-ஆம் எண் அரசாணை போட்டது. அதில் வந்ததுதான் பஞ்சமி நிலம். பத்து வருஷத்துக்கு விற்கவோ, அடமானம் வைக்கவோ, குத்தகைக்கு விடவோ கூடாது. அதற்குப் பிறகும் ஒடுக்கப்பட்ட சாதியாருக்குத்தான் விற்கலாம். பசிக்கிறவன் கையில் இருப்பதைப் பிடுங்க ஊர் காத்திருக்கும் என்று தெரிந்துதான் அப்படி எழுதினார்கள்.

எழுதி என்ன? 1987-ல் அக்கா கல்யாணத்துக்கு அந்த நிலத்தை மூவாயிரம் ரூபாய்க்கு அப்பா போக்கியம் விட்டார். பதிவு கிடையாது. ஒரு முத்திரைத்தாள், ஒரு கைநாட்டு, ரெண்டு சாட்சி. போக்கியத்தில் வட்டி இல்லை. பணம் கொடுத்தவர் நிலத்தை உழுது அனுபவிப்பார். அசலைத் திருப்பிக் கொடுத்த அன்றைக்கு நிலம் நம் கைக்கு வரும். "வட்டியே இல்லாத கடன்டா" என்று அப்பா எங்களிடம் சந்தோஷமாகச் சொன்னது இன்னமும் காதில் இருக்கிறது. வருஷா வருஷம் அந்த மண்ணில் விளைந்த ராகியும் அவரையும் துவரையும்தான் வட்டி என்பது அவருக்குத் தோணல. எங்களுக்கும் தோணல. அஞ்சு வருஷக் கெடு வந்தபோது மூவாயிரம் இல்லை. பத்தாவது வருஷம் அப்பாவே இல்லை. நிலம் இன்றைக்கும் அவர்களிடம்தான் இருக்கிறது. போக்கியத்தை மீட்கிற உரிமை, வைத்த தேதியிலிருந்து முப்பது வருஷம் போனதாலேயே அழிந்துவிடாது, பணத்தைக் கட்டும் வரை அது உயிரோடிருக்கும் என்று 2014-ல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. இந்தப் பத்திரிகை படிக்கிறவர்கள் வீட்டில் அப்படி ஏதாவது பழைய பத்திரம் இருந்தால் தூக்கிப் போட்டுவிடாதீர்கள். எங்க பத்திரம் கரையான் தின்றுவிட்டது.

மிச்சம் இருந்தது வீடு. காலனியில் அரசாங்கம் கட்டிக் கொடுத்த தொகுப்பு வீடு. 2019 மழையில் கூரைக் காரை பெயர்ந்து கம்பி தெரிந்தது. அம்மா படுக்கிற இடத்தில் ஒரு நாள் கட்டியாக விழுந்தது. அம்மா அப்போது வெளியே இருந்ததால் தப்பித்தாள். தம்பிக்குப் பெங்களூரில் கம்பி கட்டுற வேலை. பதினாலு மாடிக்குக் கம்பி கட்டினவன் தன் வீட்டில் சட்டி வைத்து ஒழுகுகிற தண்ணீர் பிடித்தான். ஊரடங்கில் வேலை இல்லாமல் வந்து ரெண்டு மாசம் அந்தக் கூரைக்குக் கீழே படுத்துக் கிடந்தவன் ஒரு நாள் சொன்னான்: "அண்ணா, கடன் வாங்கியாவது கட்டிடலாம். அம்மா சாவறதுக்குள்ள ஒரு நல்ல கூரைக்குக் கீழ படுக்கட்டும்."

முதலில் போனது ஒரு அரசு வங்கிக்கு. 2020 கடைசியில் அரசு வங்கிகளில் வீட்டுக் கடன் வட்டி சுமார் 7 சதவிகிதம். மேனேஜர் மரியாதையாகத்தான் பேசினார். உட்காரச் சொன்னார். சம்பளச் சீட்டு கேட்டார். கம்பி கட்டுகிறவனுக்குச் சனிக்கிழமை கையில் காசுதான், சீட்டு ஏது? பட்டாவைப் பார்த்தார். நிபந்தனையைப் படித்தார். மேஜை மேல் எங்க பக்கமாக நகர்த்தினார். "நாளைக்கு நீங்க கட்டலைன்னா நாங்க இதை வித்துத்தான் எடுக்கணும். காலனிக்குள்ள வந்து யார் வாங்குவாங்க?" என்றார்.

சாதிப் பேரை அவர் சொல்லவே இல்லை. சொல்ல வேண்டிய தேவையும் இல்லை. சம்பளச் சீட்டு, நிபந்தனை, வாங்க ஆளில்லை. மூணும் அவருக்கு விதிதான். மூணும் சேர்ந்து எங்க தெருவில் போய் நிற்கிறது.

அப்புறம் பைனான்ஸ்காரர்கள் வந்தார்கள். நாங்க தேடிப் போகவில்லை, தெருவுக்கே பைக்கில் வந்தார்கள். வீடுகளுக்குக் கடன் கொடுக்கிற ஒரு கம்பெனி. வந்த பையனுக்கு இருபத்தி மூணு வயசு இருக்கும். அம்மாவை அம்மா என்றே கூப்பிட்டான், டீ குடித்தான். எங்க வீட்டில் டீ குடிக்கிறானே என்று அம்மாவுக்கு அதிலேயே பாதி மனசு கரைந்துவிட்டது. "பட்டா இருந்தா போதும்ணா. நிபந்தனைக் காலமெல்லாம் எப்பவோ முடிஞ்சிருச்சு. வட்டி வருஷத்துக்கு 14 சதவிகிதம். உங்க ஊர்க் கணக்குல நூத்துக்கு ஒண்ணேகால் கூட இல்ல."

இந்த இடத்தில்தான் நாங்கள் விழுந்தோம். எங்க பக்கம் கைமாத்து வட்டி நூத்துக்கு மாசம் ரெண்டு, மூணு. அவசரம் என்றால் அஞ்சு, பத்து. மூணு வட்டிக்கு வாங்கிப் பழகினவனுக்கு ஒண்ணேகால் வட்டி தருமம் மாதிரி. வட்டி எவ்வளவு என்று பார்த்தோம். எத்தனை நாளைக்கு என்று பார்க்கவில்லை. மூணு வட்டிக்கடன் ஆறு மாசத்தில் கழுத்தைப் பிடிக்கும், பிடிப்பது தெரியும், எப்படியாவது அடைத்துத் தொலைப்போம். ஒண்ணேகால் வட்டி பதினைஞ்சு வருஷம் பக்கத்திலேயே படுத்திருக்கும்.

அஞ்சு லட்சம், 14 சதவிகிதம், 180 மாசம், மாசா மாசம் டியூ 6,659 ரூபாய். 2020 அக்டோபரில் முதல் டியூ. அந்தக் கணக்கை நான் உட்கார்ந்து போட்டது ரெண்டரை வருஷம் கழித்து. இங்கே வரிசையாக வைக்கிறேன். பொறுமையாகப் படியுங்கள். நான் பொறுமையாகப் படிக்காததால்தான் இதை எழுத வேண்டி வந்தது.

முதலில், கைக்கு வந்தது அஞ்சு லட்சம் இல்லை. பரிசீலனைக் கட்டணம் ஜி.எஸ்.டி.யோடு 11,800. தம்பி உயிருக்கு ஒரு இன்ஷூரன்ஸ் 18,000. வக்கீலுக்கும் மதிப்பீட்டாளருக்கும் 6,000. பத்திரத்தை அடமானமாக ஒப்படைத்ததைப் பதிய 7,500. எல்லாம் கழித்துக்கொண்டு கொடுத்தது 4,56,700. டியூ மட்டும் முழு அஞ்சு லட்சத்துக்கு. கைக்கு வந்த பணத்தை வைத்துப் பார்த்தால் அது 14 சதவிகிதக் கடன் இல்லை, 16-க்குக் கொஞ்சம்தான் குறைவு.

அடுத்தது, 6,659 ரூபாயை 180 தடவை கட்டினால் 11,98,620 ரூபாய். வாங்கினது அஞ்சு, கட்டுவது பன்னிரண்டு. அந்த அரசு வங்கி 7 சதவிகிதத்தில் கொடுத்திருந்தால் மாசம் 4,494 ரூபாய்; பதினைஞ்சு வருஷத்தில் 8,08,920. வித்தியாசம் 3,89,700 ரூபாய். அதே வீடு, அதே செங்கல், அதே சிமெண்ட். வங்கி வட்டி நடுவில் ஏறும் இறங்கும், சரி. ஆனாலும் கிட்டத்தட்ட நாலு லட்சம். இந்த நாலு லட்சத்துக்கு எந்த ரசீதிலும் பேர் இல்லை. நான் பேர் வைக்கிறேன்: காலனி வரி.

மூணாவதுதான் யாரும் சொல்லாதது. மாச டியூவில் அசலும் வட்டியும் சமமாகக் கழியும் என்று நினைத்திருந்தோம். கழியாது. வட்டி எப்போதும் மிச்சமிருக்கிற அசலுக்குப் போடுவது. ஆரம்பத்தில் அசல் முழுசாக நிற்கிறது, அதனால் வட்டியும் முழுசாக விழுகிறது. எங்க முதல் டியூ 6,659-ல் வட்டி 5,833 ரூபாய். அசலில் கழிந்தது 826 ரூபாய். தம்பி ஒரு மாசம் கம்பி கட்டினதில் எங்க வீட்டில் 826 ரூபாய்தான் எங்களுடையதாக ஆச்சு. அந்த அட்டவணைப்படி அஞ்சு வருஷம் தவறாமல் கட்டினால் கட்டின தொகை நாலு லட்சம். அப்போதும் பாக்கி அசல் 4,28,000-க்கு மேல். பாதி அசல் கழிவதற்குப் பத்து வருஷம் பத்து மாசம் ஆகும். கடைசி நாலு வருஷத்தில்தான் மீதிப் பாதி மளமளவென்று கழியும். நடுவில் ஒருத்தன் கீழே விழுந்து இடுப்பு ஒடிந்தால், வேலை நின்றால், அவன் அதுவரை கட்டினதெல்லாம் அநேகமாக வட்டிதான்.

தாத்தாவுக்கு உழைப்பு வட்டிக்குப் போச்சு, அசல் அப்படியே நின்றது என்று முதலில் எழுதினேனே, அதைத் திரும்பப் போய்ப் படித்துப் பாருங்கள். ரெண்டும் ஒன்று என்று நான் சொல்லவில்லை. தாத்தா அடி வாங்கினார், தம்பி வாங்கவில்லை. தாத்தாவால் பண்ணையை விட்டுப் போக முடியாது, தம்பி பெங்களூர் போகிறான். அது சின்ன வித்தியாசம் இல்லை, அதுக்காக எத்தனையோ பேர் செத்திருக்கிறார்கள். ஆனால் கணக்கு நம் கையில் இல்லாமல் இருப்பது மட்டும் மாறவில்லை.

2023-ல் அம்மா கேட்டாள்: "இன்னும் எத்தன கட்டணும்டா?" தம்பி 28 டியூ கட்டி முடித்திருந்தான், ஒண்ணுகூடத் தவறவில்லை. 180-ல் 28 போனால் 152 என்று வாயாலேயே சொன்னேன். எதுக்கும் பார்த்துவிடலாம் என்று கிளையில் போய்க் கணக்குச் சீட்டு வாங்கினேன். அதில் மிச்சம் 176 என்று இருந்தது. தப்பாக அச்சாகிவிட்டது என்று நினைத்தேன். கவுண்டரில் இருந்த பெண் சொன்னாள்: "ரேட் ஏறிடுச்சு சார். டியூவை ஏத்தினா கஸ்டமருக்குக் கஷ்டமா இருக்கும்னு மாசத்தை ஏத்தியிருக்கோம்."

2022 மே முதல் 2023 பிப்ரவரி வரை ரிசர்வ் வங்கி ரெப்போ வட்டியை 4 சதவிகிதத்திலிருந்து 6.5-க்கு ஏற்றியது. நாங்கள் வாங்கினது மாறும் வட்டி. எங்களுக்கு 14, 15 ஆகியிருந்தது. ஒரே ஒரு சதவிகிதம். அதுக்கு 24 மாசம். 180 டியூ 204 டியூ ஆகிவிட்டது. பதினைஞ்சு வருஷம் பதினேழு. மொத்தம் கட்டவேண்டியது 13,58,000-க்கு மேல். புதுசாக ஒரு ரூபாய் வாங்கவில்லை. ஒரு டியூ தவறவில்லை. யாரும் வந்து கேட்கவும் இல்லை. போனுக்கு ஆங்கிலத்தில் ஒரு மெசேஜ் வந்திருந்தது, தம்பி அதை விளம்பரம் என்று அழித்துவிட்டான்.

வீட்டுக்கு வந்து திரும்பக் கணக்குப் போட்டேன். மாசத்தை நீட்டாமல் டியூவை ஏற்றியிருந்தால் எவ்வளவு ஏறியிருக்கும்? 306 ரூபாய். தம்பியின் அரை நாள் கூலி. அந்த 306-ஐ மாசா மாசம் கூடக் கட்டியிருந்தால் ரெண்டு வருஷமும் கூடவே 1,13,000 ரூபாயும் மிச்சம். கஷ்டமாக இருக்கும் என்று எங்களுக்காக அவர்கள் பட்ட இரக்கத்தின் விலை அது.

அன்றைக்கு ராத்திரி எனக்குத் தூக்கம் வரவில்லை. கம்பெனி மேல் வந்த கோபத்தைவிட என் மேல் வந்த கோபம் அதிகம். அம்மாவுக்கு எழுத்து தெரியாது. தம்பி எட்டாவதோடு நின்றவன், என்னைப் படிக்க வைக்கத்தான் நின்றான். எனக்குத்தான் படிப்பு. நான்தான் "சும்மா போடுங்க, எல்லாம் ஒரே மாதிரிதான் இருக்கும்" என்று சொல்லி அம்மா கட்டைவிரலை மையில் அழுத்தினவன்.

வீட்டுக்கடனை நியாயப்படுத்துகிறவர்கள் ஒரு பதில் சொல்வார்கள்: வட்டி போனால் என்ன, வீட்டு விலையும்தான் ஏறுகிறதே. தருமபுரி டவுனிலோ ஓசூரிலோ மனை வாங்கினவர்களுக்கு அது சரியாக இருக்கலாம். எங்க தெருவில் வீடு கட்டினால் விலை ஏறாது. ஊர்க்காரர் வாங்க வரமாட்டார், அரசாங்கத்தின் நிபந்தனை வேறு. வாங்கினால் எங்க ஆட்கள்தான் வாங்கவேண்டும், அவர்கள் கையில் பணம் இல்லை. பன்னிரண்டு லட்சம் போட்ட வீட்டை நாளைக்கு ஒரு ஆஸ்பத்திரிச் செலவுக்கு விற்கப்போனால் நாலு லட்சம் கிடைக்குமா என்பதே சந்தேகம். கடன் சந்தைக் கணக்கில் ஏறுகிறது. வீடு சாதிக் கணக்கில் நிற்கிறது.

நிற்கிறதா என்பதும் நிச்சயமில்லை. எங்க மாவட்டத்தில் 2012 நவம்பர் 7-ஆம் தேதி சாயங்காலம் நத்தம் காலனி, அண்ணா நகர், கொண்டம்பட்டி மூணு இடத்திலும் 250 வீடுகளுக்கு மேல் கொள்ளையடித்துக் கொளுத்தினார்கள். ஒரு தலித் இளைஞனும் ஒரு வன்னியப் பெண்ணும் கல்யாணம் செய்துகொண்டார்கள், பெண்ணின் தகப்பனார் தற்கொலை செய்துகொண்டார், அதைச் சாக்காக வைத்து நடந்தது அது. அடுத்த வருஷம் ஜூலை 4-ல் அந்த இளைஞனும் ரயில் தண்டவாளத்தோரம் பிணமாகக் கிடந்தான். நான் அப்போது கல்லூரி மாணவன், நண்பர்களோடு அங்கே போனேன். எரிந்தது பெரும்பாலும் குடிசை இல்லை. வெளியூர் போய் உழைத்த காசில் கட்டின வீடுகள், பீரோ, டிவி, பைக். சர்ட்டிபிகேட்டுகளும் பத்திரங்களும் கருகிக் கிடந்தன. கூரை வீட்டிலேயே கிடந்திருந்தால் இவ்வளவு ஆத்திரம் வந்திருக்காது என்று ஒரு பெரியவர் சொன்னார். நாம் கட்டுகிற ஒவ்வொரு சுவரும் யாரோ ஒருத்தர் கண்ணை உறுத்துகிறது.

அன்றைக்கு எனக்குத் தோணாத ஒரு கேள்வி இப்போது தோணுகிறது. கடன் வாங்கிக் கட்டின வீடு எரிந்தால் கடன் எரியுமா? எரியாது. அடமானப் பொருள் சாம்பலானாலும் அசலும் வட்டியும் பாக்கி இருக்கும். எங்களிடம் வாங்கின 18,000 இன்ஷூரன்ஸ் தம்பி உயிருக்கு மட்டும். வீட்டுக்குத் தனியாகத் தீ இன்ஷூரன்ஸ் எடுக்க வேண்டும், அதில் கலவரச் சேதமும் அடங்குமா என்று கேட்டு எழுத்தில் வாங்க வேண்டும். தருமபுரி மாவட்டத்து தலித்துக்கு இது எச்சரிக்கைக்காகச் சொல்கிற பேச்சு இல்லை.

அமெரிக்காவில் கறுப்பர்களுக்கு நடந்தது நம் கதைக்கு மாமன் மச்சான் உறவு. அங்கே 1933-ல் வீட்டுக்கடனில் தவிக்கிறவர்களுக்கு உதவ அரசாங்கமே ஒரு கழகம் தொடங்கியது. அந்தக் கழகம் நகரங்களுக்கு வரைபடம் போட்டது. கறுப்பர் வாழும் தெருக்களைச் சிவப்பு நிறத்தில் தீட்டி ஆபத்து என்று குறித்தது. 1934-ல் வந்த கூட்டாட்சி வீட்டுவசதி நிர்வாகமும் அந்தப் பகுதிகளில் கடனுக்கு உத்தரவாதம் தர மறுத்தது. வங்கி கொடுக்காததால் சிகாகோவில் கறுப்பர்கள் ஒப்பந்த முறையில் வீடு வாங்கினார்கள்: விலை பல மடங்கு, கடைசித் தவணை கட்டும் வரை வீடு அவர்கள் பேரில் இல்லை, ஒரு தவணை தவறினால் வெளியே. 1968-ல் அவர்கள் சங்கம் சேர்ந்தார்கள். கணக்கைத் தாங்களே போட்டார்கள். தவணையை நிறுத்திவைத்துப் போராடினார்கள். அதே வருஷம் வீட்டு விஷயத்தில் இனப் பாகுபாட்டைத் தடை செய்து சட்டமும் வந்தது. அதோடு முடியவில்லை. ஒரே தகுதி உள்ள வெள்ளையரைவிடக் கறுப்பருக்கும் ஹிஸ்பானியருக்கும் கூடுதல் கட்டணமும் வட்டியும் வாங்கினதாக கன்ட்ரிவைட் என்ற கடன் கம்பெனி மேல் அமெரிக்க நீதித் துறை தொடுத்த வழக்கு 2011-ல் 33 கோடியே 50 லட்சம் டாலரில் சமரசமானது.

நமக்கு வரைபடம் தேவைப்படவில்லை. முகவரியிலேயே காலனி என்று எழுதியிருக்கிறது. 2025 ஏப்ரலில் அந்தச் சொல்லை அரசு ஆவணங்களிலிருந்து நீக்கப்போவதாக முதலமைச்சர் சட்டமன்றத்தில் அறிவித்தார். நல்லதுதான். மதிப்பீட்டாளர் பைக்கை நிறுத்தி இறங்கும்போது எந்தத் தெரு என்று அவருக்குத் தெரியாமலா போகும்?

நிபந்தனையை எடுத்துவிட்டால் வங்கிக் கடன் கிடைக்குமே என்று சில தோழர்கள் சொல்கிறார்கள். நான் ஒத்துக்கொள்ள மாட்டேன். நிபந்தனை இருந்தே எங்க அரை ஏக்கர் போச்சு. அது இல்லாமல் இருந்தால் மனையும் எப்போதோ போயிருக்கும். வங்கிக்கு வாங்க ஆள் இல்லை என்ற பயம் என்றால் அந்தப் பயத்தை அரசாங்கம் சுமக்கட்டும். தாட்கோ 1974-ல் ஆரம்பிக்கப்பட்டது. அதன் முழுப் பேரிலேயே ஆதிதிராவிடர் வீட்டுவசதி இருக்கிறது. கலைஞர் கனவு இல்லத்தில் குடிசைக்குப் பதிலாக வீடு கட்ட மூன்றரை லட்சம் தரும் திட்டம் 2024-ல் வந்தது. எங்க மாதிரி இடிந்த தொகுப்பு வீட்டுக்காரன் அந்தக் குடிசைக் கணக்கில் வருவதில்லை. அப்படிப்பட்டவனுக்கு அரசு வங்கி வட்டியில் கடன் கிடைக்க தாட்கோ ஜாமீன் நிற்க வேண்டும். நாம் கேட்க வேண்டியது அதைத்தான்.

அது வரும் வரை சும்மா இருக்கவும் முடியாது. சில உரிமைகள் ஏற்கெனவே வந்துவிட்டன, நமக்குத்தான் தெரியவில்லை. 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி ஒரு உத்தரவு போட்டது: மாறும் வட்டி ஏறினால் டியூவை ஏற்றுவதா, மாசத்தை நீட்டுவதா, ரெண்டும் கொஞ்சம் கொஞ்சமாகவா என்று கடன் வாங்கினவரைக் கேட்க வேண்டும். 2024 அக்டோபர் முதல் கடன் கொடுக்கும் முன்பே எல்லாக் கட்டணத்தையும் சேர்த்த உண்மையான வருஷ வட்டி என்ன என்று ஒரு தாளில், வாங்குகிறவருக்குப் புரிகிற மொழியில் எழுதிக் கொடுக்க வேண்டும். மாறும் வட்டியில் வாங்கின வீட்டுக்கடனை முன்கூட்டி அடைத்தால் அபராதம் கேட்கக் கூடாது. முழுசாக அடைத்து முப்பது நாளுக்குள் பத்திரத்தைத் திருப்பித் தர வேண்டும்; அவர்கள் தவறால் தாமதமானால் நாளைக்கு 5,000 ரூபாய் அவர்கள் தர வேண்டும்.

2024 ஜனவரியில் அந்த உத்தரவின் தமிழ்ச் சுருக்கத்தை எழுதி, மனுவோடு தம்பியைக் கூட்டிக்கொண்டு கிளைக்குப் போனேன். டியூவை ஏற்று, மாசத்தைக் குறை என்று எழுதியிருந்தோம். இப்படி யாரும் கேட்டதில்லை என்றார்கள். மூணு தடவை நடந்தோம். நாலாவது தடவை ஏற்றுக்கொண்டார்கள். 306 ரூபாயில் முடிந்திருக்க வேண்டியது ஒரு வருஷத் தாமதத்தில் 366 ஆகியிருந்தது. இப்போது டியூ 7,025. முடிவு பழையபடி 180-லேயே நிற்கிறது. லட்சத்துக்கு மேல் மிச்சம். 2025 பிப்ரவரியிலிருந்து ரிசர்வ் வங்கி வட்டியைக் குறைக்க ஆரம்பித்ததும் அடுத்த மனு எழுதினோம். ஏறும்போது தானாக ஏறுகிறது, இறங்கும்போது நாம் போய் இறக்க வேண்டியிருக்கிறது.

அதன் பிறகு ஞாயிற்றுக்கிழமைகளில் எங்க தெருவில் வேறு ஒரு வேலை நடக்கிறது. அம்பேத்கர் மன்றத்துத் திண்ணையில் உட்கார்ந்து கடன் காகிதம் படிக்கிறோம். வீட்டுக்கடன், குழுக்கடன், நகைக்கடன், பைக் கடன், எதுவானாலும். ரூபாயின் பிரச்சினையைப் பற்றி 1923-லேயே புத்தகம் எழுதினவரின் படத்தை மாட்டிவிட்டு வட்டிக் கணக்கு தெரியாமல் இருக்கிறோமே என்று ஒரு நாள் பேச்சு வந்தது, அதிலிருந்து ஆரம்பித்தது. இதுவரை பத்தொன்பது காகிதம் படித்திருக்கிறோம். அதில் ஏழு பேருக்கு அவர்களுக்கே தெரியாமல் மாசம் நீண்டிருந்தது.

படிக்கிற மாணவர்களுக்கு ஒரு வார்த்தை. விடுமுறைக்கு ஊருக்குப் போகும்போது வீட்டில் அந்தப் பிளாஸ்டிக் கவரைக் கேட்டு வாங்குங்கள். பீரோவின் அடியில் துணிக்குக் கீழே இருக்கும். எடுத்துப் படியுங்கள். எத்தனை டியூ, எத்தனை மிச்சம், மிச்சத்தில் அசல் எவ்வளவு என்று மூணு எண்ணை ஒரு தாளில் எழுதி அம்மாவிடம் சொல்லுங்கள்.

எங்க அம்மாவுக்குச் சொல்லிவிட்டேன். 2035 செப்டம்பரில் கடைசி டியூ. விரல் விட்டு எண்ணிப் பார்த்துவிட்டு, "அப்ப எனக்கு எழுவத்தெட்டு வயசாவும்" என்றாள். கொஞ்ச நேரம் பேசவில்லை. அப்புறம், "அந்தத் தேதிய செவுத்துல எழுதி வெய்யி. நான் இல்லன்னாலும் அவனுங்க ஏமாத்தாம இருக்கட்டும்" என்றாள். எழுதி வைத்திருக்கிறோம்.